தையல் பிரிக்காத சாக்கு

என் வீட்டில் ஆள் குறைவு, கல் அதிகம். ஆள் என்று எண்ணினால் நான் ஒருத்திதான். கல்லை எண்ண ஆரம்பித்தால் சமையலறை ஜன்னல் திட்டில் தொடங்கி, மாடிப்படிக்குக் கீழே, கட்டிலுக்கு அடியில், துணி அலமாரியின் கடைசித் தட்டு வரைக்கும் போகவேண்டியிருக்கும். ராஜபாளையத்தில் எங்கள் தெருவுக்கு என்னைப் பற்றி இரண்டு அபிப்பிராயங்கள் உண்டு. பூமியைப் பார்த்தாலே தண்ணீர் எங்கே ஓடுகிறது என்று எனக்குத் தெரிந்துவிடும், ஆனால் திமிர் பிடித்தவள், சொல்லமாட்டேன் என்பது ஒன்று. கல்யாணம் கூடிவராததால் கல் பொறுக்கப் போய்விட்டேன் என்பது இன்னொன்று. இரண்டுமே தப்பு. கல் பொறுக்கப் போனதில்தான் கல்யாணம் மறந்துபோனது. தண்ணீரைப் பற்றி எனக்கு ஒன்றுமே தெரியாது.

ஒரு தடவை தேவதானத்திலிருந்து ஒரு விவசாயி வீட்டுக்கே வந்து கையோடு கூட்டிக்கொண்டு போனார். தென்னந்தோப்பு நடுவில் நிறுத்தி, "அக்கா, எம்புட்டு அடியில தண்ணி கெடக்குன்னு மட்டும் சொல்லிட்டுப் போங்க" என்றார். நான் படித்தது மலை எப்படி எழும்புகிறது என்பதைப் பற்றி, தண்ணீர் என் வேலை இல்லை என்று விளக்கினேன். அவர் மேற்கே நீலமாக நின்ற மலையைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். "அம்புட்டுப் பெரிய மலை வந்த கதை தெரியுது, எங் கெணறு தெரியலையாக்கும்" என்று சிரித்தார். இளநீர் வெட்டிக் கொடுத்துத்தான் அனுப்பினார். ஆனால் நம்பவில்லை.

என் வேலையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மலை கரைந்து மண்ணாக ஆற்றில் போகிறது. கடலடிப் பள்ளங்களில் படிகிறது. அடுக்கடுக்காகப் படிந்து இறுகிப் பாறையாகிறது. பிறகு நிலம் நிலத்தோடு மோதும்போது அந்தப் பள்ளமே நசுங்கி, மடிந்து, மலையாக எழுந்து நிற்கிறது. இமயமலையின் உச்சியில் கடல்தரை கிடப்பது இப்படித்தான். மடியும்போது ஒரு சங்கடம் உண்டு. பாயை இரண்டாக மடித்தால் ஒரு பாதி நேராகவும் மறுபாதி கவிழ்ந்தும் இருக்குமல்லவா, அதுபோல மலையிலும் சில அடுக்குகள் தலைகீழாகக் கிடக்கும். ஒரு சரிவில் நின்றுகொண்டு, இந்த அடுக்கு நேராக இருக்கிறதா, கவிழ்ந்திருக்கிறதா என்று சொல்லத் தெரிந்தால்தான் அந்த மலையின் கதையைச் சொல்ல முடியும். அதைத் தப்பாகச் சொன்னால் அதற்குப் பிறகு சொல்லும் எல்லாமே தப்பு.

நான் முப்பது வருஷத்துக்கு முன் ஒரு சரிவைப் பற்றி "நேராக இருக்கிறது" என்று எழுதினேன். அந்தக் கட்டுரைதான் எனக்குப் பட்டம் வாங்கிக் கொடுத்தது, வேலை வாங்கிக் கொடுத்தது. அது பிழையாக இருக்கலாம் என்று எனக்கு ஒரு கடிதம் வந்தது சென்ற சாரல் காலத்தில்.

கடிதம் என்றால் மின்னஞ்சல்தான். வெளிநாட்டு ஆராய்ச்சியாளர் ஒருவர் எழுதியிருந்தார். இப்போது அங்கே அனுமதி கிடைத்து, அந்தச் சரிவை இந்த வருஷம் நடந்து பார்த்தார்களாம். அடுக்குகள் தலைகீழாகக் கிடப்பதாகத் தோன்றுகிறதாம். நான் அன்றைக்கு எடுத்த கல் இன்னும் இருந்தால் ஒரு படம் அனுப்ப முடியுமா என்று கேட்டிருந்தார். மிக மரியாதையான கடிதம். எனக்கு உள்ளங்கால் முதல் உச்சந்தலை வரை எரிந்தது. நேற்று வந்தவர்கள் எனக்குச் சொல்லித்தர வந்துவிட்டார்களா என்று டம்ளரை நங்கென்று வைத்தேன். கேட்கத்தான் ஆள் இல்லை.

அந்தக் கோபத்துக்கு ஒரு காரணம் இருந்தது. "தலைகீழ்" என்று அந்தச் சரிவைப் பார்த்து முதலில் சொன்னது வெளிநாட்டுக்காரர் இல்லை. என் சிநேகிதி சொன்னாள்.

அவள் ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரி. மதுரையில் ஒரே கல்லூரியில், ஒரே விடுதியில் படித்தோம். திங்கள்கிழமை காலை நான் ராஜபாளையத்தில் பஸ் ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்து பக்கத்து இடத்தில் கர்ச்சீப்பைப் போட்டுவைப்பேன். ஸ்ரீவில்லிபுத்தூரில் அவள் ஏறி அதை எடுத்து என் மடியில் போட்டுவிட்டு உட்காருவாள். மதுரை வரும்வரை வாய் ஓயாது. பிறகு இரண்டு பேருக்குமே வடக்கே, மலையடிவாரத்தில் ஓர் ஆராய்ச்சி நிலையத்தில் இடம் கிடைத்தது. எங்கள் இந்தியைக் கேட்டு அங்கே டீக்கடைக்காரர்கூடச் சிரிப்பார். தமிழ் பேச எனக்கு அவள், அவளுக்கு நான். அவளைப்போல ஒரு சிநேகிதி எனக்கு அதற்கு முன்பும் இல்லை, பின்பும் இல்லை. இதை நான் அவளிடம் சொன்னதில்லை.

ஃபீல்டில் எங்களுக்கு ஒரு சட்டம் உண்டு. முதலில் குறி, பிறகு அடி. பாறையிலிருந்து கல்லைப் பெயர்க்கும் முன்பே, அது இருக்கும் இடத்திலேயே அதன்மேல் மார்க்கரால் ஓர் அம்பு போடவேண்டும். அம்பின் முனை வானத்தைக் காட்டவேண்டும். கல் கைக்கு வந்துவிட்ட பிறகு எந்தப் பக்கம் மேலே இருந்தது என்று கல்லுக்கும் தெரியாது, நமக்கும் தெரியாது. முதல் நாள் சொல்லித் தரும் பாடம் இது.

அந்தச் சரிவில் கல் எடுத்த அன்றைக்கு மதியத்துக்கு மேல் ஆலங்கட்டி மழை பிடித்துக்கொண்டது. சீசனின் கடைசி நாள். மேலே ஒரு பாறை மூக்கு மாதிரி நீட்டிக்கொண்டிருந்தது. அவள் முதலில் ஏறி ஒரு துண்டு எடுத்துக்கொண்டு இறங்கினாள். பிறகு நான் ஏறினேன். விரல்கள் மரத்துப்போயிருந்தன. சுத்தியலால் இரண்டு அடி அடித்ததும் ஒரு பெரிய துண்டு கையோடு வந்துவிட்டது. அதைத் தூக்கிக்கொண்டு இறங்கினோம். அன்று இரவே மலை சரிந்து மேலே ஏறும் பாதை மூடிக்கொண்டது. அது எல்லைப் பகுதி, மறுபடி போக எங்களுக்கு அனுமதி கிடைக்கவில்லை. எங்களிடம் இருந்தது அந்தக் கற்கள் மட்டும்தான்.

கல்லுக்குள்ளே அலைத் தடம் இருந்தது. கடற்கரை மணலில் அலை வரிவரியாக விட்டுப்போகுமே, அதே வரிகள், பாறையாக. வரியின் கூர்முனை எந்தப் பக்கம் பார்க்கிறதோ அந்தப் பக்கம்தான் அந்தக் காலத்து மேல்பக்கம். என் கல்லில் அம்பும் கூர்முனையும் ஒரே பக்கம் பார்த்தன. ஆகவே அடுக்கு நேராக இருக்கிறது. மறுநாள் காலை கேம்பில் நான் இதைச் சொன்னபோது அவள் தலையாட்டவில்லை.

"இல்லட்டி, கவுந்து கெடக்கு. என் கல்லுல முனை கீழ பாக்குது. நான் குறிச்சிட்டுத்தான் அடிச்சேன்" என்றாள்.

"நானும்தான் குறிச்சிட்டு அடிச்சேன்" என்றேன். அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். நோட்டிலும் அப்படித்தான் எழுதியிருந்தேன்.

"என் கல்லைக் கொண்டாரேன், பாரு" என்று பைகளைக் குடைந்தாள். கிடைக்கவில்லை. கோவேறு கழுதைக்காரர் அதிகாலையிலேயே பாதிச் சாமான்களைச் சாக்குகளில் போட்டுக் கோணி ஊசியால் தைத்து அடுக்கிவிட்டிருந்தார். அவளுடைய சாக்கை அவளே பிரித்துக் கொட்டிப் பார்த்துவிட்டாள். என் பேர் எழுதிய சாக்கு ஒன்று கூடாரத்துக்குப் பின்னால் கிடந்தது. "ஏட்டி, உன் சாக்குல கெடக்கான்னு ஒரு எட்டு பாத்துட்டு வா" என்றாள்.

போனேன். வெளியே குளிர் முகத்தில் அறைந்தது. ஈரத்தில் தையல் இறுகிப்போயிருந்தது. பிரித்தால் மறுபடி நான்தான் தைக்கவேண்டும். தவிரவும் எனக்கு அவள்மேல் எரிச்சல், எப்போது பார்த்தாலும் இவளுக்குத்தான் எல்லாம் தெரியுமா என்று. சாக்கின் பக்கத்தில் கொஞ்ச நேரம் நின்றேன். கைகளை உரசிச் சூடு பண்ணிக்கொண்டேன். உள்ளே வந்து, "பாத்துட்டேன், இல்ல" என்றேன்.

அவள் "சரி" என்றாள். அவ்வளவுதான் நடந்தது.

கையில் இருந்தது என் கல் மட்டும்தான் என்பதால் என் கருத்துதான் நின்றது. அலுவலகம் திரும்பி, கல்லில் வெள்ளைப் பெயின்ட் அடித்து, அதன்மேல் எண் எழுதி, படம் எடுத்து, கட்டுரை எழுதினேன். அவள் ஒரு வாரம் வாதாடினாள். பிறகு வாதாடவில்லை. பிறகு சரியாகச் சாப்பிடவில்லை. சில மாதங்களில் ஆராய்ச்சியை விட்டுவிட்டு ஊருக்குப் போய்விட்டாள். ரயிலேற்றிவிடப் போனேன். "நல்லா பண்ணு" என்றாள். என் முகத்தைப் பார்க்கவில்லை. கோபம் என்று நினைத்தேன். எனக்கும் வீம்பு வந்துவிட்டது. இரண்டு கடிதம் போட்டேன், பதில் இல்லை. மூன்றாவது போடவில்லை.

அதற்குப் பிறகு என் பிழைப்பு நன்றாகவே நடந்தது. மலையிலிருந்து பள்ளத்துக்கு இறங்கினேன். எண்ணெய் தேடும் கம்பெனியில் வேலை. கடலுக்கடியில் மண் நிரம்பிக் கிடக்கும் படுகைகளைக் கம்ப்யூட்டர் திரையில் கோடுகோடாகப் பார்ப்பது. எங்கே மண் கனமாகப் படிந்திருக்கிறது, எங்கே ஒடிந்திருக்கிறது, எங்கே எண்ணெய் தங்கியிருக்கும் என்று சொல்வது. எத்தனையோ ஊர்களில் இருந்தேன். எல்லா ஊரிலும் ஒரே மாதிரி ஃபிளாட், ஒரே மாதிரித் திரை. ஞாயிற்றுக்கிழமைகளில் அம்மாவுக்கு ஃபோன் பண்ணும் கால் மணி நேரம்தான் என் வாயில் தமிழ் வரும். அம்மா போன பிறகு அதுவும் இல்லை. தனியாக இருந்தேன். அழகாகச் சொல்ல அதில் ஒன்றும் இல்லை. நல்ல கல் ஒன்று கையில் கிடைத்தால், "இங்க பாரு" என்று சொல்ல வாயைத் திறந்து, பக்கத்தில் ஆள் இல்லாததைப் பார்த்து மூடிக்கொள்வேன். எத்தனை வருஷம் ஆனாலும் அந்த வாய் திறப்பது மட்டும் நிற்கவில்லை.

விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு ராஜபாளையம் வீட்டுக்கே வந்து சேர்ந்தேன். வந்தவுடன் விசாரித்ததில் அவள் ஸ்ரீவில்லிபுத்தூரிலேயே இருக்கிறாள், சுந்தரபாண்டியத்தில் பள்ளிக்கூட வாத்தியார் வேலை, சமூக அறிவியல் எடுக்கிறாள் என்று தெரிந்தது. போகவில்லை. ஒருமுறை ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் ஸ்டாண்டில் பார்த்தேன். பரீட்சைத் தாள் கட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நின்றாள். தலை முக்கால்வாசி நரைத்திருந்தது. இரண்டு பேரும் பார்த்துவிட்டோம். அவள் சட்டென்று திரும்பி சுந்தரபாண்டியம் பஸ்ஸில் ஏறிவிட்டாள். இத்தனை வருஷம் கழித்தும் இவ்வளவு கோபமா என்று நினைத்தேன். வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன்.

எங்கள் மேற்கு மலையில் இந்த வம்பே கிடையாது. இங்குள்ள பாறை பூமியின் ஆழத்தில் வெந்து, பிசைந்து, உருவமே மாறி வெளியே வந்தது. அதில் அலைத் தடமும் இல்லை, மேல் கீழும் இல்லை. சாயங்காலம் மாடியில் உட்கார்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருப்பேன். என்னிடம் எதுவும் கேட்காத மலை என்பதால் எனக்குப் பிடித்திருந்தது.

இப்படியிருக்கும்போதுதான் அந்தக் கடிதம் வந்தது.

அவர்களுக்குச் சரியான பதில் கொடுக்கவேண்டும் என்று கங்கணம் கட்டிக்கொண்டேன். என் பெரிய கல் மேஜைமேலேயே இருந்தது, பேப்பர் பறக்காமல் வைக்க. அதோடு அந்தப் பயணத்தில் எடுத்த வேறு கற்களையும் சேர்த்துப் படம் எடுத்து அனுப்பினால் வாயை மூடுவார்கள் என்று, மாடிப்படிக்குக் கீழே இருந்த இரும்பு டிரங்குப் பெட்டியை இழுத்தேன். அப்போதே பார்சலில் ஊருக்கு அனுப்பிய பெட்டி அது. அம்மா அதை அப்படியே தள்ளி வைத்திருந்தாள். கட்டுரை முடிந்துவிட்டதால் நானும் திறக்கவில்லை. பூட்டு துருப்பிடித்து ஒட்டிக்கொண்டிருந்தது. என் சுத்தியலாலேயே உடைத்தேன்.

உள்ளே என் பேர் எழுதிய சாக்கு இருந்தது. கழுதைக்காரர் போட்ட தையல் ஒரு கண்ணிகூட விடாமல் அப்படியே இருந்தது. அதைப் பார்த்தவுடன்தான் ஞாபகம் வந்தது. முப்பது வருஷமாக நான் மறந்தே போயிருந்தேன், பார்க்காமல் "பார்த்தேன்" என்று சொன்னதை. கத்தரிக்கோல் எடுத்துத் தையலை வெட்டினேன். நடுக்கூடத்தில் கொட்டினேன். ஆறாவதோ ஏழாவதோ கல்லைத் திருப்பியபோது நீல மையில் ஓர் அம்பும், பக்கத்தில் அவளுடைய சாய்வான எழுத்தில் அன்றைய குறிப்பும் இருந்தன.

கைப்பிடி அளவுத் துண்டுதான். அதை எடுத்துப்போய் மேஜைமேல் இருந்த என் கல்லின் பக்கத்தில் வைத்தேன். ஒரே பாறையின் மூக்கிலிருந்து அடுத்தடுத்து உடைத்தவை அல்லவா. இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தேன். ஒரு நிலையில் அவளுடைய கல்லின் முதுகு என் கல்லின் முகத்தில் கச்சிதமாக உட்கார்ந்தது. நடுவில் மயிரிழை இடைவெளி இல்லை. அலை வரிகள் ஒரு கல்லிலிருந்து அடுத்த கல்லுக்கு விடாமல் ஓடின. அவளுடைய அம்பு ஒரு பக்கம் பார்த்தது. என் அம்பு எதிர்ப் பக்கம் பார்த்தது.

இரண்டில் ஒருத்தி தப்பு. உடனே அவள்தான் என்று நினைத்தேன். நினைத்ததை மறைத்து என்ன ஆகப்போகிறது. பிறகு என் கல்லைப் பார்த்தேன். என் அம்பின் வால் கல்லின் விளிம்பு வரை வந்து, நான் எண் எழுதுவதற்காக அடித்த வெள்ளைப் பெயின்டுக்குள் போய் மறைந்தது. பிளேடால் பெயின்டைச் சுரண்டினேன். அதற்குக் கீழே வால் நிற்கவில்லை. விளிம்பைத் தாண்டி மடங்கி, என் சுத்தியலால் பாறையிலிருந்து பெயர்ந்த பின்பக்கத்தின்மேல் ஒரு விரல்நுனி நீளத்துக்கு ஓடியிருந்தது.

பாறையில் ஒட்டிக்கொண்டிருக்கும்போது அந்தப் பக்கம் வெளியே இல்லை. அதில் மை விழவே முடியாது. நான் அடித்துவிட்டுத்தான் குறித்திருக்கிறேன். ஆலங்கட்டி மழையில், கையில் வந்துவிட்ட கல்லைத் திருப்பிப் பார்த்து, இப்படித்தான் இருந்தது என்று ஓர் அம்பு போட்டிருக்கிறேன். தலைகீழாகப் போட்டிருக்கிறேன். பெயின்ட் அடிக்கும்போது அந்த வால் என் கண்ணில் பட்டதா, பட்டுத்தான் மூடினேனா? சத்தியமாக எனக்குத் தெரியவில்லை. பட்டிருக்காது என்று சொல்ல எனக்கு ஆசையாக இருக்கிறது.

வெளிநாட்டுக்காரருக்கு அன்றே எழுதியிருக்கலாம். எழுதவில்லை. அவளுக்குத் தெரியுமுன் அடுத்தவருக்குத் தெரியக்கூடாது என்று தோன்றியது. ஆனால் அவளிடம் போகவும் கால் வரவில்லை. ஒரு வாரம் வீட்டைச் சுற்றிச் சுற்றி வந்தேன். இருந்த ஒரே சிநேகிதியை நான்தான் துரத்திவிட்டேன் என்று அவள் வாயால் கேட்கவேண்டிவரும். கேட்ட பிறகு அவள் கதவைச் சாத்திவிட்டால் எனக்கு இந்த உலகத்தில் நினைத்துக்கொள்ளக்கூட ஆள் இல்லை. என் வயதில் ஒருத்தி இப்படிப் பயப்படுவது வெட்கக்கேடுதான். பயந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை இரண்டு கல்லையும் துண்டில் சுற்றித் துணிப்பையில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினேன். மடியில் வைத்திருந்த பையை நகர்த்த முடியாமல் நான் திணறியதைப் பார்த்து பக்கத்தில் இருந்த அம்மாள், "பையில என்னம்மா, கல்லையா தூக்கிட்டு வாரிய?" என்றார். "ஆமா" என்றேன். பஸ் முழுக்கக் கேட்கும்படி சிரித்தார். நானும் சிரித்துவைத்தேன். வெளிநாட்டுக்காரருக்கு எழுதி, இன்னும் அனுப்பாத பதில் கடிதத்தை நான்காக மடித்துக் கைப்பையில் வைத்திருந்தேன். அவளுடைய பேரைப் போட்டு, அன்றே சரியாகப் பார்த்தது அவள்தான் என்று எழுதியிருந்தேன்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் நீதிமன்றத்துக்குப் பின்னால் இருக்கும் தெருவில் வீடு. அவள்தான் கதவைத் திறந்தாள். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் பார்த்தாள். "வா" என்றாள். உள்ளே போனதும், "அவிய தோட்டத்துக்குப் போயிருக்காவ, வர மதியம் ஆயிரும்" என்றாள், நான் கேட்காமலே. தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். நான் குடிக்கவில்லை. குடித்துவிட்டால் சொல்லமாட்டேன் என்று பயமாக இருந்தது. துண்டை அவிழ்த்து இரண்டு கல்லையும் டீப்பாய்மேல் வைத்தேன்.

அவள் பெரிய கல்லைத் தொடவில்லை. சின்னதைத்தான் எடுத்தாள். "இது என் எழுத்துல்லா" என்றாள். நான் எதுவும் சொல்லுமுன் அவளே பெரிய கல்லை இழுத்து, சின்னதை அதன்மேல் ஒரே முறையில் சரியாகப் பொருத்திவிட்டாள். எனக்கு எத்தனையோ முறை திருப்பவேண்டியிருந்தது. பிறகு இரண்டு அம்புகளையும் பார்த்தாள். விளிம்பில் நான் சுரண்டிய இடத்தைப் பார்த்தாள். கல்லை ஜன்னல் வெளிச்சத்துக்குத் திருப்பி மறுபடியும் பார்த்தாள்.

"அடிச்சிட்டுக் குறிச்சிருக்க" என்றாள்.

"ஆமா."

"இது எங்க கெடந்துச்சு?"

"என் சாக்குல. நீ அன்னைக்குப் பாத்துட்டு வரச் சொன்னேல்ல, நான் பாக்கல. பாத்தேன்னு பொய் சொன்னேன்."

"சாக்கைப் பிரிக்கக்கூட இல்லையா?"

"இல்ல. போன வாரந்தான் தையலை வெட்டுனேன்."

திட்டுவாள் என்று காத்திருந்தேன். பஸ்ஸில் வரும்போதே அவள் சொல்லப்போகும் ஒவ்வொரு வார்த்தையும் நானே சொல்லிப் பார்த்துப் பழகியிருந்தேன். அவள் திட்டவில்லை.

"நீ எம்மேல கோவமா இருக்கன்னு நெனச்சேன்" என்றேன். "பஸ் ஸ்டாண்டுல மூஞ்சியத் திருப்பிட்டுப் போனியே."

"கோவமா?" என்று என்னைப் பார்த்தாள். "வெக்கமா இருந்துச்சுட்டி. அம்புட்டு உறுதியா நின்னேன், குறிச்சிட்டுத்தான் அடிச்சேன்னு. கல்லைக் கொண்டான்னா கல்லு இல்ல. நீயும் பாத்துட்டேன்னு சொல்லிட்ட. பொறவு யோசிச்சு யோசிச்சுப் பாத்தேன். நான் குறிச்சதே கனாதானோன்னு ஆயிப்போச்சு. எடுக்காத கல்லை எடுத்தேன்னு சண்டை போட்டவ, அவளுக்கு எதுக்கு மலைன்னு விட்டுட்டு வந்துட்டேன். உன் கடுதாசிய எல்லாம் பிரிச்சே பாக்கல. என்ன மூஞ்சிய வச்சுட்டுப் பதில் போட?"

"என்னைச் சந்தேகப்பட்டிருக்கலாம்ல" என்றேன்.

"நீ பாக்காம பாத்தேன்னு சொல்லுவேன்னு எனக்குத் தோணவே இல்லையே" என்றாள்.

முப்பது வருஷமாக அவளுடைய கோபத்தை நினைத்துக்கொண்டு வாழ்ந்தேன். கோபம் இருந்திருந்தால் தேவலை. அவள் என்னை நம்பியிருக்கிறாள். நம்பிக்கொண்டு, தன்னைத்தான் கைவிட்டிருக்கிறாள். எனக்கு அழுகை வந்தது. அவள் தேற்றவில்லை. தேற்றக்கூடாது என்றுதான் எனக்கும் இருந்தது. கைப்பையிலிருந்து கடிதத்தை எடுத்து நீட்டி, திருத்தம் எழுதியிருப்பதாகவும், அவளுடைய பேரைப் போட்டிருப்பதாகவும், அவள் சரி என்றால் அனுப்புவதாகவும் சொன்னேன்.

வாங்கி நிதானமாகப் படித்தாள். ஓர் இடத்தில் அடுக்கின் சாய்வைத் தப்பாக எழுதியிருந்தேன், ஞாபகத்திலிருந்தே பேனா எடுத்து அதைத் திருத்தினாள். "அனுப்பு. நான் சொல்லணும்னு எதுக்குக் காத்திருக்க? கல்லே சொல்லுதே" என்றாள். மடித்து என் கையில் கொடுத்தாள்.

அவளுடைய கட்டைவிரல் அந்த நீல அம்பின்மேல் போய்ப் போய் வந்தது.

"எங்க பள்ளிக்கூடத்துல வருசா வருசம் பிள்ளையள மலையடிவாரத்துக்குக் கூட்டிட்டுப் போவேன்" என்றாள். "கல்லு, மண்ணு எல்லாம் காட்டுவேன். எதைப் பாத்தாலும் உடனே இதுதான்னு சாதிக்காதீய, உங்க கண்ணை ரொம்ப நம்பாதீய, கூட இருக்கிறவுக என்ன சொல்லுதாவன்னு கேளுங்கன்னு சொல்லுவேன். ஏழாங்கிளாஸ்ல ஒருத்தி இருக்கா. போன மாசம்கூட ஒரு கல்லைக் கையில வச்சிக்கிட்டு, இல்ல டீச்சர், எனக்கு இப்படித்தான் தெரியுதுன்னு ஒத்தக் காலுல நின்னா. வாய மூடுன்னு சொல்லி உக்கார வச்சேன்."



"நாளைக்குப் போயி அவகிட்ட என்னத்தட்டி சொல்ல?" என்றாள். என்னைக் கேட்கவில்லை என்று நினைக்கிறேன். ஆனால் என் முகத்தைப் பார்த்துத்தான் கேட்டாள்.

தெருவில் யாரோ வெங்காயம் கூவிக்கொண்டு போனார்கள். அவள் எழுந்து நான் குடிக்காமல் வைத்த தண்ணீரை எடுத்துப்போய்த் தொட்டியில் ஊற்றிவிட்டு வந்தாள். நான் கற்களைத் துண்டில் சுற்றப் போனபோது, "அது ரெண்டும் இங்க இருக்கட்டும். செத்த நேரம் பாக்கணும்" என்றாள். பிறகு, "நீ கெளம்பு. ராஜபாளையம் பஸ் போயிரும்" என்றாள்.

ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து ராஜபாளையத்துக்கு ஐந்து நிமிஷத்துக்கு ஒரு பஸ் உண்டு. அது எனக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும். "வாரேன்" என்றேன். அவள் ஜன்னலோரம் போய் உட்கார்ந்து கல்லைக் கையில் எடுத்துவிட்டாள். நானே கதவைத் திறந்து, வெளியே வந்து, மெதுவாகச் சாத்தினேன்.